பில்ஹர்ஸியா மித்வல்லி

என் தம்பியின் பெயர் மித்வல்லி. எங்கள் ஊர் கஃப்ர் ஸஃப்ஸாஃபுக்கு வந்து அந்தப் பெயரைச் சொல்லிக் கேட்டால் முக்கால்வாசிப் பேர் முழிப்பார்கள். பில்ஹர்ஸியா வீடு எது என்று கேளுங்கள், நாய்கூட வழிகாட்டும். அவன் கல்யாணத்தன்று பதிவெழுத வந்தவர் பேனாவைத் திறந்து "மாப்பிள்ளை பேரு?" என்று கேட்டார். பின்னாலிருந்து பத்துப் பேர் ஒரே குரலில் "பில்ஹர்ஸியா!" என்று கத்தினார்கள். பாவம், அவர் முதல் மூன்று எழுத்தை எழுதியே விட்டார். பிறகு அடித்துத் திருத்தினார்.

பில்ஹர்ஸியா என்பது நோயின் பெயர். அந்தப் புழுவைக் கண்டுபிடித்த ஒரு ஜெர்மன்கார டாக்டரின் பெயரிலிருந்து வந்ததாம். எங்களுக்கு அதெல்லாம் எதற்கு? கால்வாய்த் தண்ணீரில் பிறந்து கால்வாய்த் தண்ணீரில் புரளும் ஜனங்கள் நாங்கள். எங்கள் வாயில் அந்தச் சொல் உப்பு, ரொட்டி மாதிரி புழங்கியது. வேலைக்குப் போகாமல் சுருண்டு கிடப்பவனைப் பார்த்து "என்னடா, பில்ஹர்ஸியா மாதிரி கிடக்கே?" என்போம். வந்த மாமியார் மூன்று வாரமாகியும் கிளம்பவில்லை என்றால் மருமகள் பக்கத்து வீட்டில் போய், "எங்க வீட்டுக்கு பில்ஹர்ஸியா வந்திருக்குடி, எந்த ஊசிக்கும் போகமாட்டேங்குது" என்பாள். ரேடியோ கரகரத்தால் பாட்டரிக்கு பில்ஹர்ஸியா. பையன்களுக்குச் சிறுநீர் சிவப்பாகப் போனால் மட்டும் அந்தச் சொல்லை யாரும் சொல்லமாட்டார்கள். பையன் பெரியவனாகிவிட்டான் என்று சந்தோஷப்படுவார்கள். அப்படி ஒரு ஊர்.

என் தம்பிக்கு அந்தப் பெயர் வந்தது வேலையால். சுகாதார நிலையத்தில் நத்தை பிடிக்கிற வேலை. தொடை வரைக்கும் ரப்பர் பூட்ஸ் போட்டுக்கொண்டு, நீளக் கம்பில் கட்டிய வலையை எடுத்துக்கொண்டு, கால்வாய்க்குள் இறங்கி நடப்பான். இருபது அடிக்கு ஒருமுறை வலையை முக்கித் தூக்குவான். பாசி, தவளைக்குஞ்சு, அழுகின இலை, அதற்குள் நத்தை. ஒவ்வொன்றாக எடுத்துக் கூர்முனை மேலே இருக்கும்படி விரலில் நிறுத்திப் பார்ப்பான். வாய் வலது பக்கம் திறந்திருந்தால் அது நல்ல நத்தை. திரும்பத் தண்ணீரில் விட்டுவிடுவான். இடது பக்கம் திறந்திருந்தால் டப்பாவில் போடுவான். அதன் வயிற்றில்தான் புழுவின் குஞ்சு வளரும். இடதுவாய் நத்தை எங்கே கூட்டமாக இருக்கிறதோ அங்கே சாக்கு மூட்டையில் நத்தையைக் கொல்லும் மயில்துத்தம் கட்டித் தண்ணீரில் இழுத்துக்கொண்டு போவான். அவன் பின்னால் தண்ணீர் நீலமாக விரியும். தூரத்திலிருந்து பார்த்தால் யாரோ வானத்தின் ஓரத்தைப் பிடித்து இழுத்துக்கொண்டு போவது மாதிரி இருக்கும்.

கரையிலிருந்து ஜனங்கள் கேலி செய்வார்கள். "பில்ஹர்ஸியா, இன்னிக்கு எத்தனை பேரை அரெஸ்ட் பண்ணினே?" அவன் நின்று, யோசித்து, "நாப்பத்தி மூணு" என்று சரியாகச் சொல்வான். கேலி என்றே அவனுக்குப் புரியாது. பிறந்ததிலிருந்தே பாதிக் கனவில் இருக்கிறவன். அம்மா போனபோது அவனுக்கு நாலு வயது, எனக்குப் பதினைந்து. நான்தான் ஊட்டினேன், நான்தான் குளிப்பாட்டினேன், முதுகில் இரண்டு வைத்ததும் நான்தான். சாப்பிடும்போது ரொட்டியைக் கையில் பிடித்தபடி வாசலைப் பார்த்துக்கொண்டே இருப்பான். "என்னடா பார்க்கிறே?" என்றால் "வெயில் நகருது அக்கா" என்பான். வெயில் நகருதாம்! அவித்த மொச்சை ஆறிப்போய்க்கொண்டிருக்கும்.

அதே நிலையத்தில் எனக்கும் வேலை. புருஷன் போன பிறகு சேர்ந்தேன். தரை கூட்டுவது, கண்ணாடித் துண்டுகளைக் கழுவுவது. ஊர் ஜனங்களின் சிறுநீரை அந்தக் கண்ணாடியில் ஒரு சொட்டு விட்டு எங்கள் பரிசோதகர் ஐயா அவதல்லா எஃபெந்தி மைக்ரோஸ்கோப்பில் பார்ப்பார். பார்த்து முடித்ததை நான் சோப்புப் போட்டுக் கழுவித் துடைத்து அடுக்குவேன். பதினோரு வருஷம் கழுவினேன். அதில் என்ன இருக்கிறது என்று ஒருநாள்கூடக் குனிந்து பார்த்ததில்லை.

மித்வல்லி பார்ப்பான். அவதல்லா எஃபெந்திக்கு அவனைப் பிடிக்கும். இரண்டு பேரும் மத்தியானம் ஜன்னலோரம் ஒரு கண்ணாடித் தம்ளரில் தண்ணீர் விட்டு, இடதுவாய் நத்தைகளைப் போட்டு, வெயிலில் வைத்துவிட்டு எதிரே உட்கார்ந்திருப்பார்கள். டீ குடித்துக்கொண்டு காத்திருப்பார்கள். காலையில் ஒன்றும் வராது. வெயில் உச்சிக்கு வந்து தண்ணீர் சூடாகும்போது, நத்தையிலிருந்து தூசி மாதிரி ஏதோ கிளம்பும். கண்ணைச் சுருக்கிப் பார்த்தால் தெரியும். மேலே போகும், மெதுவாக இறங்கும், மறுபடி மேலே போகும்.

"பாரு அக்கா, உச்சி வேளைக்குத்தான் வெளியே வருது. மனுஷன் தோலு கிடைச்சா நுழைஞ்சிடும். காலையில இறங்கலாம், சாயங்காலம் இறங்கலாம், உச்சியில மட்டும் கால் வைக்கக்கூடாது."

"சரிடா, நான் எங்கே இறங்கப் போறேன்? நீ டீயைக் குடி."

அவதல்லா எஃபெந்திதான் அந்தப் புழுவின் இன்னொரு பெயரைச் சொன்னார். புத்தகத்தில் இருக்கிற பெயர். ஸ்கிஸ்டோசோமா. பழைய கிரேக்கச் சொல்லாம். பிளந்த உடல் என்று அர்த்தம்.

"பிளந்த உடலா? யார் பிளந்தா?" என்றான் மித்வல்லி.

"யாரும் பிளக்கலைப்பா. ஆண் புழு இருக்குல்ல, அதுக்கு உடம்பு நீளத்துக்கு ஒரு பள்ளம் இருக்கும். வயல்ல பாத்தி வெட்டின மாதிரி. அந்தப் பள்ளத்துக்குள்ள பெண் புழு வந்து படுத்துக்கும். அவ்வளவுதான், அப்புறம் பிரியவே பிரியாது. நம்ம ரத்தக்குழாய்க்குள்ள புருஷனும் பெண்டாட்டியும் அப்படியே கட்டிப் பிடிச்சுக்கிட்டு வருஷக்கணக்கா இருக்கும்."

"வருஷக்கணக்காவா?"

"இருபது வருஷம்கூட இருக்கும். தினமும் முட்டை போடும்."

மித்வல்லி அன்றைக்கு டீயைக் குடிக்கவே இல்லை. வீட்டுக்கு வந்து தன் பெண்டாட்டி இன்ஸாஃபிடம் முதலிலிருந்து கடைசி வரை சொன்னான். அவள் மாவு பிசைந்தபடி கேட்டுக்கொண்டே இருந்தாள். "சீ, புழு மேல இவ்வளவு ஆசையா உங்களுக்கு?" என்றாள். ஆனால் முகம் சிவந்துவிட்டது. அன்றிலிருந்து அவளை அவன் ஸ்கிஸ்டோ என்றுதான் கூப்பிட்டான். வாசலில் பூட்ஸைக் கழற்றும்போதே குரல் கொடுப்பான்: "ஸ்கிஸ்டோ, சுடுதண்ணி இருக்கா?" உலகத்தில் எந்தப் பெண்ணையாவது இப்படி அழைத்திருப்பானா ஒருவன்? அவளும் "வர்றேன், வர்றேன்" என்று ஓடிவருவாள். அந்தச் சொல்லைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு எரிச்சலாக இருக்கும். ஏனென்று அப்புறம்தான் எனக்கே தெரிந்தது. பொறாமை.

கல்யாணமாகி எட்டு வருஷம் ஆகியும் இன்ஸாஃபுக்குக் குழந்தை இல்லை. காரணம் எங்களுக்குத் தெரியும் என்று நினைத்தோம். மணப்பெண்ணாக உள்ளே உட்கார்ந்திருந்த முதல் வாரத்தில் எங்கள் சித்தப்பா மகன் கசாப்புக் கடையிலிருந்து பச்சைக் கறியோடு நேராக அந்த அறைக்குள் நுழைந்துவிட்டான். அப்படி நுழைந்தால் பெண்ணின் வயிறு பூட்டிக்கொள்ளும். எங்கள் பக்கத்தில் எந்தப் பெண்ணைக் கேட்டாலும் சொல்வாள். அந்த மடையனை நான் அன்றைக்கே விளக்குமாற்றால் விரட்டினேன். ஆனால் நுழைந்தது நுழைந்ததுதானே?

நானும் சும்மா இருக்கவில்லை. மூத்தவள் நான், எனக்கென்று ஒன்று இல்லை, தம்பிக்காவது இருக்கவேண்டாமா? ஈத் வந்தால், அறுவடை வந்தால், யார் வீட்டில் பிள்ளை பிறந்தாலும், போய்ச் சொல்லிவிடுவேன். "மித்வல்லி, உனக்கு நாலு வரைக்கும் அனுமதி இருக்கு. ஒண்ணோடயே நிக்கணும்னு யாரு சொன்னா?" இன்ஸாஃப் அங்கேயே இருப்பாள், கீரை நறுக்கிக்கொண்டு. கத்தி ஒரு கணம் நிற்கும், மறுபடி நறுக்கும். அவன் சிரித்துவிட்டு வாசலைப் பார்ப்பான். இப்போது நினைத்தால் என் நாக்கை அறுத்துப் போடத் தோன்றுகிறது.

ஒருநாள் அவளே என்னிடம் வந்தாள். "அண்ணி, நீங்க கேக்கறது நியாயம்தான். அவர் இன்னொருத்தியைக் கட்டிக்கிட்டா நான் செத்துப் போவேன். எனக்கு ஏதாவது வழி சொல்லுங்க."

வழி சொன்னேன். நான்தான் சொன்னேன்.

ஊருக்குத் தெற்கே கால்வாய் வளைகிற இடத்தில் ஸஃப்ஸாஃப் மரங்கள் தலைமுடியை அவிழ்த்துத் தண்ணீரில் போட்டதுபோல நிற்கும். ஊருக்கே அந்த மரத்தின் பெயர்தான். அங்கே தண்ணீர் ஓடுகிறதா தூங்குகிறதா என்றே தெரியாது. பூட்டிக்கொண்ட பெண்கள் வெள்ளிக்கிழமை, ஆண்களெல்லாம் பள்ளிவாசலில் இருக்கும் நேரத்தில், மத்தியானத் தொழுகை தொடங்கியதும் அந்த வளைவில் இறங்கவேண்டும். இந்தக் கரையிலிருந்து அந்தக் கரைக்கு, அங்கிருந்து இங்கே, ஏழு தடவை இடுப்பளவு தண்ணீரில் கடக்கவேண்டும். பேசக்கூடாது, திரும்பிப் பார்க்கக்கூடாது. ஏழு வெள்ளிக்கிழமை.

ஒரு சிக்கல் இருந்தது. மித்வல்லி அந்த வளைவில் மயில்துத்தம் போடுவான். மருந்து போட்டால் பூட்டைத் திறக்கிற அந்தத் தண்ணீரின் அருள் செத்துவிடும் என்று பெண்கள் பேசிக்கொண்டார்கள். இறங்கின சிலருக்குத் தோலும் எரிந்தது. நான் தம்பியிடம் போனேன்.

"அந்த வளைவை விட்டுடேன்டா."

"அங்கதான் அக்கா இடதுவாய் ஜாஸ்தி. நிழல், பாசி, ஓட்டமே இல்லாத தண்ணி. அதுங்களுக்கு அரண்மனை."

"மீனெல்லாம் செத்து மிதக்குதுடா. பாவமா இருக்கு. எனக்காக விட்டுடு. இதுவரைக்கும் உன்கிட்ட ஏதாவது கேட்டிருக்கேனா?"

அவன் என் முகத்தை நெடுநேரம் பார்த்தான். பிறகு, "சரி அக்கா" என்றான். வேறொன்றும் கேட்கவில்லை. அந்த வளைவை மட்டும் விட்டுவிட்டு மற்ற இடமெல்லாம் நீலம் இழுத்தான்.

அந்தக் கோடையில் இன்ஸாஃப் ஏழு வெள்ளிக்கிழமையும் இறங்கினாள். நான் கரையில் அவளுடைய உலர்ந்த துணியை மடியில் வைத்துக்கொண்டு காவலுக்கு உட்கார்ந்திருப்பேன். அந்த நேரம் எப்படி இருக்கும் தெரியுமா? ஊரில் ஒரு சத்தமும் இருக்காது. எருமைகள் கண்ணை மூடிக்கொண்டு கிடக்கும். ஒலிபெருக்கியில் இமாமின் குரல் வெயிலில் கரைந்து கரைந்து வரும். அவள் கறுப்பு அங்கி தண்ணீரில் விரிந்து மிதக்க, கண்ணைப் பாதி மூடிக்கொண்டு, தூக்கத்தில் நடப்பவள் மாதிரி நடப்பாள். மரத்தின் முடி அவள் தோளைத் தொட்டுவிட்டு விலகும். ஏதோ நல்லது நடக்கப் போகிறது என்று என் நெஞ்சு சொல்லும். எனக்கே தூக்கம் வரும். மித்வல்லி சொன்ன உச்சிவேளை ஒருதடவைகூட என் நினைவுக்கு வரவில்லை. நம்புவீர்களா? தம்ளரை நானும்தான் பார்த்திருக்கிறேன்.

கோடை போனது. ஒன்றும் நடக்கவில்லை. குளிர்காலத்தில் ஒருநாள் காலை, இன்ஸாஃப் மூச்சு வாங்க என் வீட்டுக்கு ஓடிவந்தாள். கதவைச் சாத்தினாள். கண்ணெல்லாம் மினுமினுப்பு.

"அண்ணி, சிறுநீர் போறப்ப ரத்தம் வருது. வழக்கமான நாள் இல்லை. கொஞ்சமா, கடைசியில."

"வலிக்குதா?"

"எரியுது. அண்ணி, பூட்டு உடையுதோ?"

நான் அவளைக் கட்டிக்கொண்டேன். அல்லாஹ்வுக்கு நன்றி என்று அழுதேன். பூட்டு உடைகிறது, துருவெல்லாம் வெளியே வருகிறது, அடுத்த கோடையில் இன்னும் ஏழு வெள்ளிக்கிழமை இறங்கினால் முழுசாகத் திறந்துவிடும் என்று சொன்னேன். சொல்லிவிட்டு நிலையத்துக்குப் போய் அன்றைக்கு நாற்பது கண்ணாடி கழுவினேன். பையன்களின் சிவப்பைப் பார்த்துப் பெரியவனாகிவிட்டான் என்று மகிழும் ஊரில் பிறந்தவள்தானே நானும்.

"தம்பிகிட்ட சொல்லாதே. ஆம்பளைங்க காதுல விழுந்தா பலிக்காது" என்றும் சொன்னேன்.

அடுத்த கோடை வந்தது. ஆறு வெள்ளிக்கிழமை முடிந்தது. இன்ஸாஃப் மெலிந்திருந்தாள், முகம் வெளுத்திருந்தது. இரண்டு தடவை கடந்தாலே நின்று மூச்சு வாங்கினாள். ஏழாவது வெள்ளியன்று பயந்துகொண்டேதான் அழைத்துப் போனேன். "இன்னிக்கு ஒருநாள்தானே அண்ணி" என்று அவள்தான் எனக்குத் தைரியம் சொன்னாள். நான் செருப்பைக் கழற்றிவிட்டு மரத்தடியில் உட்கார்ந்தேன். அவள் இறங்கினாள்.

ஆறாவது தடவை கடந்துகொண்டிருந்தபோது மேல்பக்கம் தண்ணீர் கலங்கும் சத்தம் கேட்டது. பார்த்தால், மித்வல்லி! பள்ளிவாசலில் இருக்கவேண்டியவன். பாசன அதிகாரி தண்ணீர் முறையை மாற்றிவிட்டாராம், மருந்து நிற்கிற மாதிரி கால்வாய் மெதுவாக ஓடுவது அன்றைக்கு மட்டும்தான், அதனால் தொழுகையை விட்டு மருந்துச் சாக்கோடு கிளம்பியிருக்கிறான். வளைவைத் தாண்டிக் கீழ்ப்பக்கம் போவதற்காக வந்துகொண்டிருந்தான். நான் என்ன செய்தேன் தெரியுமா? மூத்தவள், வீரம் பேசுகிறவள், பக்கத்துச் சோளக்கொல்லைக்குள் பாய்ந்து ஒளிந்துகொண்டேன். வெறுங்காலோடு.

சோளத்தட்டைக்கு நடுவிலிருந்து எல்லாவற்றையும் பார்த்தேன். அவன் முதலில் கனவு என்று நினைத்திருப்பான். அப்படித்தான் நின்றான், வாயைத் திறந்துகொண்டு. உச்சி வெயில். பச்சைத் தண்ணீர். நடுவில் அவன் பெண்டாட்டி.

"ஸ்கிஸ்டோ?" என்றான், மெதுவாக. பிறகு கத்தினான். "இன்ஸாஃப்! வெளியே வா! உச்சி வேளை! தண்ணி பூரா அதுதான்! வெளியே வா!"

அவளுக்குக் கேட்டது. உடம்பு குலுங்கியதே, எனக்குத் தெரிந்தது. ஆனால் திரும்பவில்லை. பேசவும் இல்லை. பேசினால் பதிமூன்று வெள்ளிக்கிழமையும் வீண். கன்னத்தில் தண்ணீர் வழிய ஆறாவதை முடித்தாள், கரையைத் தொட்டாள், திரும்பினாள், ஏழாவதற்கு இறங்கினாள்.

அவன் புரிந்துகொண்டான். எங்கள் ஊரில் பிறந்தவனுக்கு வெள்ளிக்கிழமை, வளைவு, பேசாத பெண், இவ்வளவு போதும். இழுத்துக்கொண்டு வரப்போகிறான் என்று நினைத்தேன். வேறு எந்த ஆணும் அதைத்தான் செய்திருப்பான். இவன் மருந்துச் சாக்கைக் கரையில் தூக்கிப் போட்டுவிட்டு அவளிடம் போனான். வளைவில் ஆழம் அதிகம். பூட்ஸுக்குள் தண்ணீர் புகுந்து நிரம்பியது. ஒவ்வொரு காலையும் பிடுங்கிப் பிடுங்கி வைத்தான். அவள் கையைப் பிடித்தான். நத்தைக்காரன், பதினைந்து வருஷமாக உச்சி வேளையில் இந்தத் தண்ணீரைத் தோலில் பட விடாதவன், அவளோடு ஏழாவதைக் கடந்தான். அவனும் பேசவில்லை, அவனும் திரும்பிப் பார்க்கவில்லை. கரையேறியதும் இன்ஸாஃப் மயங்கி அவன் மேலேயே விழுந்தாள். தூக்கிக்கொண்டு போனான்.

நான் வயல் வழியாகவே வீட்டுக்கு ஓடினேன். மறுநாள் காலை என் செருப்பு வாசலில் இருந்தது, சேறு கழுவி, ஜோடியாக. இன்ஸாஃப் கொண்டுவந்து வைத்திருக்கிறாள் என்று நினைத்துக்கொண்டேன். யார் சொல்லிக் கொடுத்தது என்று அவன் கேட்டபோது, "யாரும் சொல்லலை, எனக்கே தெரியும்" என்று சொல்லி என்னைக் காப்பாற்றியவள் ஆயிற்றே.

இரண்டு நாள் கழித்து அவளுடைய கண்ணாடியை அவதல்லா எஃபெந்தி மைக்ரோஸ்கோப்பில் வைத்தார். பார்த்தார். நாற்காலியிலிருந்து எழுந்து மித்வல்லிக்கு இடம்விட்டார். அவன் ரொம்ப நேரம் குனிந்திருந்தான். நான் கழுவும் தொட்டிக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தேன்.

"எத்தனை?" என்றார் எஃபெந்தி.

"எண்ண முடியலை" என்றான். நாற்பத்து மூன்று என்று நின்று யோசித்துச் சொல்கிறவன்.

நான் அப்போதுதான், பதினோரு வருஷத்தில் முதல்தடவையாக, கண்ணை வைத்துப் பார்த்தேன். மஞ்சளாக ஒரு வெளிச்சம். அதில் முட்டைகள், பரங்கி விதை மாதிரி, ஒவ்வொன்றின் நுனியிலும் ஒரு முள். அத்தனை அழகாக இருந்தன. பாவி, அழகாக இருந்தன. சில முட்டைக்குள் ஏதோ துடித்துக்கொண்டிருந்தது.

தந்தா நகரத்து ஆஸ்பத்திரிப் பெண் டாக்டர் இன்ஸாஃபைப் படுக்கவைத்துப் பார்த்துவிட்டுச் சொன்னார். அந்த முள் முட்டைகள் மூத்திரப்பையில் மட்டும் தங்கவில்லை. குழந்தை வரவேண்டிய வழியிலும் போய் உட்கார்ந்து புண்ணாக்கி, தழும்பாக்கி, அடைத்துவிட்டன. முன்பு ஏன் தரிக்கவில்லை என்று தெரியவில்லை, சிலருக்குத் தாமதமாகும், தானாகத் தரித்திருக்கவும் கூடும். இனி இல்லை. அப்படித்தான் சொன்னார், கையைக் கழுவிக்கொண்டே.

ஊசியைத் தாங்கும் தெம்பு அவளுக்கு வரவே குளிர்காலமாகிவிட்டது. பன்னிரண்டு ஊசி. ஒவ்வொரு ஊசிக்கும் குடலே வெளியே வருகிற மாதிரி வாந்தி எடுத்தாள். மித்வல்லியும் பக்கத்திலேயே உட்கார்ந்து பன்னிரண்டு ஊசி போட்டுக்கொண்டான், அதற்குள் அவனுக்கும் வந்திருந்தது. ஒரே வாளிக்கு இரண்டு பக்கமும் இரண்டு பேர். நடுவில் அவள் கேட்டாள்: "அந்தப் புழுவுங்க, ரெண்டும், இப்ப செத்திருக்குமா?"

"செத்திருக்கும்."

"கட்டிப் பிடிச்சுக்கிட்டேவா?"

"ஆமா. பிரியாது."

"எனக்குள்ள இருந்துக்கிட்டு எத்தனை பிள்ளை பெத்துக்கிச்சுங்க" என்றாள். அவன் அவள் தலையைத் தன் மடியில் எடுத்து வைத்துக்கொண்டான். நான் வாளியைத் தூக்கிக்கொண்டு வெளியே போய், யாரும் பார்க்காத இடத்தில் உட்கார்ந்து அழுதேன்.

உடம்பு தேறியதும் அவன் செய்த முதல் வேலை வளைவுக்கு மருந்து போட்டது. பெண்கள் கரையில் நின்று சபித்தார்கள். அவன் குனிந்த தலை நிமிராமல் சாக்கை இழுத்தான். மரத்தின் முடியெல்லாம் நீலத்தில் நனைந்தது. இன்னொரு கல்யாணம் என்று நான் அப்புறம் வாயைத் திறக்கவில்லை. ஆனால் மருந்து ஒருமுறை போட்டால் போதாதே. மூன்று மாதத்தில் நத்தை திரும்பிவிடும், அதன் பின்னாலேயே பெண்களும் திரும்பிவிடுவார்கள். அதனால் வெள்ளிக்கிழமை மத்தியானம் நான் அந்த மரத்தடியில் கம்போடு உட்கார ஆரம்பித்தேன். இறங்க வருகிறவளை விரட்டுவேன். கெட்ட வார்த்தையெல்லாம் சொல்வேன், எனக்கு அது நன்றாக வரும். அவர்களும் சும்மா போவார்களா? "இந்தக் கிழம் எங்க மேல வந்து ஒட்டிக்கிச்சே, பில்ஹர்ஸியா!" என்பார்கள். அப்படியே தம்பியின் பெயர் எனக்கும் வந்து சேர்ந்தது. கூப்பிட்டால் திரும்பிப் பார்க்கிறேன்.

அதெல்லாம் ஆகி இருபத்திரண்டு வருஷம். மித்வல்லி ஓய்வு பெற்றுவிட்டான். இப்போது ஊசி இல்லை, மாத்திரை வந்துவிட்டது, ஒருநாள் விழுங்கினால் போதும் என்கிறார்கள். போன ரமலானுக்கு முந்தின வெள்ளிக்கிழமை அவன் தொழுகை முடிந்து வளைவுக்கு வந்தான். என் பக்கத்தில் உட்கார்ந்தான். எனக்குள் என்ன உடைந்ததோ, சொல்லிவிட்டேன். நான்தான் அழைத்து வந்தேன், நான்தான் காவல் இருந்தேன், மீனுக்காகக் கேட்கவில்லை, எல்லாம் பொய் என்று.

அவன் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தான். "அன்னிக்கு உன் செருப்பைக் கழுவி வாசல்ல கொண்டுவந்து வெச்சது யாருன்னு நெனச்சே?"

"இன்ஸாஃப்."

"அவதான் மூணு நாள் எழுந்தே நிக்கலையே அக்கா."

இருபத்திரண்டு வருஷம். ஒவ்வொரு ஈதுக்கும் முதல் தட்டு எனக்குத்தான் கொண்டுவந்தான். அவன் எழுந்து, "வெயில் நகர்ந்துடுச்சு, நிழல்ல தள்ளி உக்காரு" என்று சொல்லிவிட்டுப் போனான்.

சில வெள்ளிக்கிழமைகளில் இன்ஸாஃபும் தேநீர்ப் பாத்திரத்தோடு வந்து என்னருகே உட்காருவாள். போன வாரம் பக்கத்து ஊரிலிருந்து ஒரு பெண் வந்தாள், இருபது வயது இருக்கும், கல்யாணமாகி மூன்று வருஷமாம். கையில் உலர்ந்த துணி. ஒலிபெருக்கியில் தொழுகை தொடங்கிவிட்டது. நான் கம்பை எடுத்தேன், திட்ட ஆரம்பித்தேன். அவள் அழுதுகொண்டே செருப்பைக் கழற்றினாள். "எவ்வளவு வேணா திட்டுங்க பாட்டி, நான் இறங்கத்தான் போறேன். இங்க இறங்கினவங்களுக்கெல்லாம் பிறந்திருக்கு."

இன்ஸாஃப் தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்தாள். குரலை உயர்த்தவில்லை.

"நான் பதினாலு வெள்ளிக்கிழமை இறங்கினேம்மா" என்றாள், தன் வெறும் மடியைத் தட்டிக் காட்டி.

அந்தப் பெண் அவளைப் பார்த்தாள், தண்ணீரைப் பார்த்தாள். பிறகு செருப்பை மாட்டிக்கொண்டு வந்த வழியே திரும்பிப் போனாள்.